வெள்ளவத்தை வாய்க்காலிலிருந்து பெரிய கோயிலடி வரை

பிற்பகல் மூன்று மணி இருபத்தைந்து நிமிடத்துக்கு, கிராண்ட்பாஸில் ட்ராம் பாதையின் இந்தப் பக்கத்தில் நான் இருந்தேன். அந்தப் பக்கத்தில் என் மகள் இருந்தாள். நடுவில் ஒரு ட்ராம் போயிற்று. அது போன பின் பார்த்தால், அந்தப் பக்கத்தில் வைக்கோல் ஏற்றிய இரண்டு மாட்டு வண்டிகள் மட்டுமே நின்றன. மகளையும் காணவில்லை, அவள் ஏறியிருந்த ரிக்‌ஷாவையும் காணவில்லை.

இது நடந்து ஐந்து நாளாகிறது. வேலைக்குக் கந்தோருக்குப் போகிற வழியில் ட்ராம் மணி கேட்டால், இப்போதும் என் கை தன்பாட்டில் பக்கத்தில் யாரையோ தேடுகிறது. ஆனாலும் அந்த ஒரு நிமிடத்தை வைத்து அந்த ஞாயிற்றுக்கிழமை முழுவதையும் குறை சொல்வது அநியாயம். காலை ஏழு மணி முதல் அதுவரைக்கும், அதைவிட நல்ல நாளொன்று எனக்குக் கொழும்பில் வாய்த்ததில்லை. ஆகவே தொடக்கத்திலிருந்தே எழுதுகிறேன்.

காலை ஏழு மணி. வெள்ளவத்தை வாய்க்கால் பாலத்தடியில் படகு காத்திருந்தது. வாரநாளில் கூரையோடுகளும் மணலும் ஏற்றுகிற சரக்குப் படகு; மேலே வளைந்த ஓலைக் கூரை. ஞாயிறுகளில் படகுக்காரர் அந்தோனி அதைக் கழுவி, பாய் விரித்து, வாய்க்கால்களையும் கோயில்களையும் பார்க்க விரும்புகிறவர்களை ஏற்றிக்கொண்டு போவார். பெரியவர்களுக்கு ஆளுக்கு ஒன்றரை ரூபாய், பிள்ளைகளுக்கு முக்கால் ரூபாய். அந்தோனிக்கு ஊர் மட்டக்குளி, ஐம்பது வயதிருக்கும். கம்பு ஊன்றுவது அவருடைய மச்சான். அந்த மனிதர் நாள் முழுவதும் வாய் திறக்கவில்லை. இருவருக்குமான பேச்சை அந்தோனியே பேசினார்.

நாங்கள் மூன்று பேர். நான், யாழ்ப்பாணத்திலிருந்து வந்திருந்த என் பொன்னம்மா அக்கா, என் மகள் மங்கை. மங்கைக்குப் பதின்மூன்று வயது. நகரத்திலுள்ள கன்னியாஸ்திரிகளின் பள்ளிக்கூடமொன்றில் படிக்கிறாள். அக்காவுக்குக் கொட்டாஞ்சேனை அம்மனுக்கு ஒரு நேர்த்திக்கடன் இருந்தது. பஸ்ஸில் போனால் தலை சுற்றும் என்றதால்தான் படகு.

புறப்படும்போது என் மனைவி சொன்னது ஒன்றே ஒன்று: “பிள்ளையின்ர கையை விடாதேங்கோ.”

எனக்குத் தண்ணீர் என்றால் பயம். நீந்தத் தெரியாது. ஆகவே படகில் ஏறியதும் என் சால்வையின் ஒரு நுனியை மங்கையின் மணிக்கட்டில் கட்டி, மறு நுனியை என் கையில் சுற்றிக்கொண்டேன். மங்கை முகத்தைத் திருப்பிக்கொண்டாள்.

“ஐயா, இதென்ன, ஆட்டைச் சந்தைக்குக் கொண்டுபோறீங்களோ?” என்றார் அந்தோனி.

“விழுந்தால் ஆர் பிடிக்கிறது?”

“விழுந்தால் எழும்பி நிக்கலாம் ஐயா. இடுப்பளவுதான் தண்ணி.”

அவர் சொன்னதை நான் நம்பவில்லை. சால்வையை அவிழ்க்கவும் இல்லை.

பதினொரு வருடமாக அந்த வாய்க்காலுக்கு முந்நூறு கெஜ தூரத்தில் குடியிருக்கிறேன். அது எங்கிருந்து வருகிறது என்று ஒரு நாளும் யோசித்ததில்லை. கடலில் விழுகிற ஒரு நாற்றம் என்பதே என் எண்ணமாக இருந்தது. பாலத்தைத் தாண்டிக் கால் மைல் உள்ளே போனதும் நாற்றம் நின்றுவிட்டது. இரு கரையிலும் கங்குன் கீரைப் பாத்திகள். சலவைத் தொழிலாளர் கல்லில் அடிக்கும் துணிச் சத்தம். கிருலப்பனைச் சதுப்பில் கழுத்தளவு நீரில் எருமைகள். மரக்கிளையொன்றில் இருந்து ஒரு கபரகொய்யா உடும்பு, முதலைக் குட்டி அளவு, தொப்பென்று படகுக்குப் பக்கத்தில் விழுந்தது. அக்கா “முருகா!” என்றாள். மங்கை சிரித்த சிரிப்பில் சால்வை என் கையிலிருந்து நழுவப் பார்த்தது.

“இந்த வாய்க்கால்கள் எல்லாம் ஒல்லாந்தர் வெட்டினதுதானே?” என்று படித்தவன் தோரணையில் கேட்டேன்.

“அவங்கள் எங்க ஐயா வெட்டினவங்கள்? வெட்டச் சொன்னவங்கள். வெட்டினது எங்கட ஆக்கள்.”

ஒன்பதரை மணிக்குக் கொலன்னாவையின் எண்ணெய்த் தாங்கிகள் தெரிந்தன. பத்தேகால் அளவில் தெமட்டகொடை. அங்கே கரையில், தென்னை மரத்தடியில், ஆளுயரத்தில் ஒரு கூடு. உள்ளே மாதா சுரூபம், முன்னால் எரிந்து முடிந்த மெழுகுதிரி. அந்தோனி தொப்பியைக் கழற்றினார். “இது எங்கட சின்னக் கோயில்” என்றார். நான் தலையாட்டினேன். அந்தச் சொல்லை அப்போது காதில் வாங்கிக்கொண்டேனே தவிர, மனதில் வாங்கவில்லை.

பதினொரு மணி தாண்டியதும் நாகலகம் வீதியருகே வாய்க்கால் முடிந்தது. நீர்க்கதவு திறக்க இருபது நிமிடம் காத்திருந்து, களனி ஆற்றுக்குள் நுழைந்தோம். வெள்ளவத்தையிலிருந்து ஏறக்குறைய ஒன்பது மைல் என்றார் அந்தோனி. வாய்க்காலிலிருந்து ஆற்றுக்குள் நுழைவது ஒழுங்கையிலிருந்து பெருந்தெருவுக்கு வருவது போல இருந்தது. தண்ணீர் பழுப்பு நிறம். அகலத்தைப் பார்த்துச் சால்வையில் இன்னொரு முடிச்சுப் போட்டேன்.

“அப்பா, கை விறைக்குது.”

“விறைக்கட்டும்.”

பன்னிரண்டரைக்குக் களனி. கரையிலேயே மர நிழலில் கட்டுச்சோற்றைப் பிரித்தோம். புளிச்சோறு, கத்தரிக்காய்ப் பொரியல், அக்கா யாழ்ப்பாணத்திலிருந்து கொண்டுவந்த மோர்மிளகாய். பேசாத மச்சானுக்கு அக்கா மூன்று தரம் பரிமாறினாள். அந்த நேரத்தில் எனக்கு உலகத்தில் ஒரு கவலையும் இருக்கவில்லை. தரையில் இருந்ததால் சால்வையையும் அவிழ்த்துவிட்டிருந்தேன்.

விகாரையின் வெள்ளைத் தாதுகோபம் வெயிலில் கண்ணைக் கூசவைத்தது. வெண்சேலை உடுத்த ஒரு சிங்களக் கிழவி மங்கையின் கையில் தாமரை மொட்டொன்றைக் கொடுத்து, இதழ்களை எப்படி மடித்து விரிப்பது என்று காட்டிக்கொடுத்தாள். காசு நீட்டினேன், வேண்டாமென்று கையசைத்தாள். பக்கத்தில் நின்ற காவலாளி எதிர்ப்புறக் கட்டடமொன்றைக் காட்டி, “தேவாலய, தேவாலய” என்றான்.

அக்கா என் காதருகே குனிந்தாள். “தம்பி, விகாரைக்குள்ள வேதக்காரற்ற கோயிலோ?” கிறிஸ்தவர்களை எங்கள் ஊரில் அப்படித்தான் சொல்வார்கள்.

அந்தோனிக்குச் சிரிப்புத் தாங்கவில்லை. “இல்லை அம்மா! சிங்களத்தில தேவாலயம் எண்டால் சாமிகளை வைக்கிற இடம். உங்கட சாமிகள்தான் உள்ளுக்கு இருக்கினம். போய்க் கும்பிடுங்கோ.”

“பின்னை ஏன் வேதக்காரற்ற பேரை வைச்சிருக்கினம்?”

“ஆர் ஆற்ற பேரை எடுத்தவை எண்டு எனக்கெப்பிடித் தெரியும் அம்மா?”

நானும் சேர்ந்து சிரித்தேன். ஒரு சொல்லைத் தப்பாக எடுத்துக்கொண்டதற்காக அக்காவைத் திரும்பி வரும் வழியெல்லாம் கேலி செய்தேன். அதை நினைக்க இப்போது வெட்கமாக இருக்கிறது.

நீரோட்டத்தோடு திரும்பியதால் மூன்று மணிக்கே நாகலகம் வீதிக் கரைக்கு வந்துவிட்டோம். படகை மட்டக்குளியில் கொண்டுபோய்க் கட்டிவிட்டு வரவேண்டும் என்றார் அந்தோனி. “நீங்கள் முன்னுக்குப் போய்க் கும்பிடுங்கோ. அஞ்சு மணிக்கு நான் பெரிய கோயிலடியில நிப்பன். அங்கயிருந்து உங்களை ட்ராமில ஏத்திவிடுறன். வழியில பிரிஞ்சு போனாலும் பயப்பிடாதேங்கோ, எல்லாரும் பெரிய கோயிலடிக்கு வந்தால் சரி.”

மூன்று ரிக்‌ஷா பிடித்தோம். ஒவ்வொன்றும் இருபத்தைந்து சதம். மங்கையை முதல் வண்டியில் ஏற்றினேன், முன்னால் போனால் கண்ணில் படும் என்று. பருமனான அக்காவை மூன்றாவதில் ஏற்றப் பட்ட பாட்டில், மங்கை தன் வண்டிக்காரரிடம் எங்கே போகச் சொன்னாள் என்று கவனிக்கவில்லை. நான் என் வண்டிக்காரரிடம் “கொட்டாஞ்சேனை அம்மன் கோயில்” என்றேன். வேறு எந்தக் கோயில்?

பிறகு அந்த ட்ராம் வந்தது.

மூன்றே முக்காலுக்கு நானும் அக்காவும் அம்மன் கோயில் வாசலில் இறங்கினோம். மங்கை இல்லை. வண்டி சுற்றுவழியால் வருகிறதாக்கும் என்று பத்து நிமிடம் நின்றேன். இன்னும் பத்து நிமிடம் நின்றேன். அக்கா உள்ளே போய் அம்மனுக்கு நேரே கண்ணை மூடிக்கொண்டு நின்றுவிட்டாள். காலையிலிருந்து தண்ணீரையே பார்த்துப் பார்த்து, பிள்ளையைத் தரையில் தொலைத்துவிட்டேன் என்று எனக்குப் புரிந்தது. வீட்டுக்குப் போய் என்ன சொல்வது என்று யோசித்தேன். அதற்கு மேல் யோசிக்க முடியவில்லை.

வாசலில் பூக் கட்டிக்கொண்டிருந்த ஒரு பெண் என்னைப் பார்த்துக்கொண்டே இருந்தாள். இந்தியாவிலிருந்து வந்த குடும்பம் என்று பேச்சிலேயே தெரிந்தது. “என்ன சாமி, யாரைத் தேடுறீங்க?”

“மகளை. பச்சைப் பாவாடை. பெரிய கோயிலடிக்கு வரச் சொன்னது.”

“யாரு சொன்னா?”

“படகுக்கார அந்தோனி.”

அவள் கை முடிச்சில் நின்றது. “பேரே அந்தோனி. அப்புறம் அம்மன் கோயிலுல வந்து நிக்கிறீங்களே!”

நான் விளங்காமல் பார்த்தேன். அவள் தலையைத் தூக்கி, வீடுகளுக்கு மேலே சாம்பல் நிறத்தில் தெரிந்த பெரிய குவிமாடத்தைக் காட்டினாள். “கொட்டாஞ்சேனையில பெரிய கோயிலுன்னா அதான். மாதா கோயிலு. சின்னப் புள்ளைக்கும் தெரியும்.”

என் பிள்ளைக்கும் தெரிந்திருக்கிறது. அவளுடைய வகுப்பில் பாதிப்பேர் கொட்டாஞ்சேனைப் பிள்ளைகள்.

அரை மைல் இருக்கும். ஓடினேன் என்று சொல்ல முடியாது. என் வயதில் ஓடினால் அது வேறு மாதிரி இருக்கும். தேவாலயப் படிகளைக் கூட்டிக்கொண்டிருந்த கிழவரிடம் மூச்சு வாங்கக் கேட்டேன்.

“ஓம், ஒரு பிள்ளை வந்து இந்தப் படியில கனநேரம் நிண்டது. இப்பதான் போனது. ‘அப்பா சைவக்காரர், அம்மன் கோயிலடியிலதான் நிப்பார்’ எண்டு சொல்லி, இந்த ஒழுங்கையால போனது.”

நான் வந்தது பெருந்தெருவால்.

திரும்பி ஒழுங்கையால் வந்தேன். மணி நாலே முக்கால். பூக்காரி என்னைக் கண்டதும் தலையில் கை வைத்தாள். “அய்யோ சாமி! பச்சைப் பாவாடை வந்துச்சு. அப்பா மாதா கோயிலுக்குப் போயிட்டாருன்னு சொன்னேன். பெரிய ரோட்டால திரும்பிப் போயிருச்சு.”

நான் பெருந்தெருப் பக்கம் திரும்பினேன். அவள் எழுந்து என் முன்னால் வந்து நின்றாள்.

“எங்க போறீங்க? ரெண்டு பேரும் தேடினா விடியிற வரைக்கும் தேடுவீங்க. ஒருத்தராச்சும் நில்லுங்க.”

“பிள்ளை தனிய…”

“அது தனியாப் போய் தனியா வருதே. நீங்கதான் தொலைஞ்சு போயிட்டீங்க. இந்தக் கம்பைப் புடிச்சிக்கிட்டு நில்லுங்க சாமி.”

நின்றேன். அவளுடைய கடைக் கூரையின் கம்பை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு நின்றேன். நகராமல் நிற்பதைவிடக் கடினமான வேலை எதையும் நான் செய்ததில்லை. கோயில் மணி அடித்தது. சற்றுப் பின்னால் மாதா கோயில் மணியும் அடித்தது. ஐந்து மணி. அந்தோனி சொன்ன நேரம். அவர் இப்போது அந்தப் படிகளில் நிற்பார் என்று நினைத்ததும், நாள் முழுவதும் நம்பாத மனிதரை முதல் தடவையாக நம்பினேன். எனக்கு வேறு வழியும் இருக்கவில்லை.

இன்று காலை கந்தோருக்குப் போகுமுன் வாய்க்கால் பாலத்தில் சற்று நின்றேன். அந்தத் தண்ணீர் கிருலப்பனை எருமைகளையும் தெமட்டகொடை மாதாவையும் களனி ஆற்றையும் தொட்டுக்கொண்டு கிடக்கிறது என்று இப்போது எனக்குத் தெரியும். ஆற்றுக்கும் கடலுக்கும் நடுவே எத்தனை கோயில்கள் இருக்கின்றன என்றும், யார் வாயிலிருந்து அந்தச் சொல் வருகிறது என்று பார்த்துத்தான் எதற்குப் போவதென்று தீர்மானிக்க வேண்டும் என்றும் தெரியும். போக நினைக்கிறவர்கள் தாராளமாகப் போகலாம். இடுப்பளவுதான் தண்ணீர்.

அந்த ஞாயிறு, ஐந்து மணி பன்னிரண்டு நிமிடத்துக்கு அவர்கள் வந்தார்கள். முதலில் தெரிந்தது அந்தோனியின் தொப்பி. பிறகு பச்சைப் பாவாடை. மங்கையின் கையில் அந்தத் தாமரை வாடாமல் இருந்தது. அவள் அழவில்லை. கம்பைவிட்டுக் கையை எடுக்க எனக்குத்தான் முடியவில்லை.

“ஐயா, பெரிய கோயிலடி எண்டுதானே சொன்னனான்?” என்றார் அந்தோனி, பாவமாக.

மங்கை அவரை முந்திக்கொண்டு வந்து என் தோளிலிருந்த சால்வையை உருவினாள். ஒரு நுனியைத் தன் கையில் சுற்றிக்கொண்டு, மறு நுனியால் என் மணிக்கட்டில் இறுக்கமாக ஒரு முடிச்சுப் போட்டாள்.

“நான் ரெண்டு கோயிலடியிலயும் நிண்டனான் அப்பா,” என்றாள். “நீங்கள்தான் ஒண்டிலயும் நிக்கேல்லை.”