ஒன்ஸ் மோர் கேட்டும் எழாத அண்ணாச்சி

போன ஞாயிற்றுக்கிழமை புன்னைக்காயலில் ஒரு பாராட்டு விழா. தலைமை... அடியேன். சால்வை, மாலை, மைக். வழக்கமான சமாச்சாரம்தானே என்று நினைத்துப் போனேன். விழா ஆஸ்பத்திரியில் போய் முடிந்தது.

விழா நாயகர் சூசை அண்ணாச்சி. அந்த ஊர்க்காரர்தான். எண்பதை நெருங்குகிறார். சின்ன வயதில் வலையும் வேண்டாம், வள்ளமும் வேண்டாம் என்று மதுரைக்கு ஓடிப்போய் நாடகக் கம்பெனியில் சேர்ந்தவர். முதலில் பெண் வேடம். குரல் உடைந்ததும் ராஜா வேடம். அப்புறம் சினிமா. பேரைச் சொன்னால் உங்களுக்குத் தெரியாது. முகத்தைப் பார்த்தால் தெரியும். கதாநாயகியின் அப்பாவாக வந்து, இடைவேளைக்கு முன்னாலேயே செத்துப்போவாரே... அவரேதான்! காய்ச்சலில், குண்டடி பட்டு, கடலில் விழுந்து என்று அவர் சாகாத வகையே இல்லை.

ஆனால் அவருக்குப் பிடித்தது நாடகச் சாவுதான். ஏன் தெரியுமா?

அந்தக் காலத்து நாடகத்தில் ஒரு வழக்கம் உண்டு. காட்சி பிடித்துவிட்டால் ஜனங்கள் "ஒன்ஸ் மோர்!" என்று கத்துவார்கள். உடனே அதே காட்சியை மறுபடி நடிக்க வேண்டும். சாவுக் காட்சியானாலும் விடமாட்டார்கள். செத்தவர் எழுந்து, வேட்டியில் ஒட்டிய மண்ணைத் தட்டிவிட்டு, திரும்பவும் கத்திக்குத்து வாங்கிச் சாக வேண்டும்! விளாத்திகுளத்தில் ஒருமுறை கூட்டம் அடங்கவே இல்லையாம். குத்திக் குத்திக் கை வலிக்கிறது என்று வில்லன் கத்தியைப் போட்டுவிட்டு உள்ளே போய்விட்டாராம்.

"சினிமால ஒருக்க செத்தா செத்ததுதான் தம்பி. அங்கன ஒன்ஸ் மோர்னு எவன் கேக்கான்?" என்பார் அண்ணாச்சி.

விழா தொடங்கும் முன் அவர் மனைவி பிலோமினா அக்கா என்னைத் தனியே கூப்பிட்டார். முகம் இறுகியிருந்தது.

"தம்பி, அவியளுக்கு நெஞ்சுல ஸ்டென்ட் வச்சிருக்கு. மேடையில கத்திக் கூப்பாடு போட்டா தாங்காதுன்னு டாக்டர் சொல்லிட்டாரு. பேச மட்டும் விடுங்க. நடிக்க விட்டுராதிய."

"நான் பாத்துக்கிடுதேன்க்கா" என்றேன் பெருமையாக. மைக்கைப் பிடித்துவிட்ட நடிகரை யாரால் பார்த்துக்கொள்ள முடியும்?

நன்றி சொல்ல எழுந்தவர் இரண்டு வாக்கியம் பேசினார். அப்புறம் சால்வையை உதறித் தோளில் போட்டார். அவ்வளவுதான்... ராஜாவாகிவிட்டார்! கூடப்பிறந்த தம்பியே குத்திவிட, அவனை மன்னித்துக்கொண்டே சாகிற ராஜா. நான் பதறி எழுந்தேன். ஒரு கையசைப்பில் என்னை உட்கார வைத்துவிட்டார்.

கடைசி வசனம் பேசி முடித்துச் சாய்ந்தார். கூட்டம் அதிர்ந்தது. விசில்... கைதட்டல்... "ஒன்ஸ் மோர்! ஒன்ஸ் மோர்!" நானும்தான் தட்டினேன்.

அண்ணாச்சி எழவில்லை.

"அண்ணாச்சி சஸ்பென்ஸ் வைக்காருலே!" என்று யாரோ சிரித்தார்கள். சத்தம் இன்னும் கூடியது. அவர் எழவே இல்லை.

முன்வரிசையிலிருந்து பிலோமினா அக்கா மேடைக்கு ஓடி வந்தார்.

"கத்தாதிங்கலே! அவியளுக்கு என்னமோ ஆயிட்டு! ஒன்ஸ் மோர் கேட்டு எந்திக்காம கெடக்கிற மனுசனா அவிய?"

அத்தனை பேரில் அக்கா ஒருவருக்குத்தான் அது நடிப்பில்லை என்று புரிந்தது. கைதட்டல்தான் கலைஞனைத் தூக்கி நிறுத்தும் என்று எத்தனை மேடையில் முழங்கியிருப்பேன்! அன்று எங்கள் கைதட்டல்தான் அவரைத் தரையிலேயே போட்டு வைத்திருந்தது.

என் காரில் தூக்கிப் போட்டுக்கொண்டு தூத்துக்குடிக்குப் பறந்தோம். பறந்தோம் என்றா சொன்னேன்? ஊருக்குள் நுழைவதற்குள் துறைமுகத்துக்குப் போகும் கன்டெய்னர் லாரிகள் வழியை அடைத்துக்கொண்டு நின்றன. ஹாரனை அழுத்திய விரலை நான் எடுக்கவில்லை. பின்சீட்டில் அக்கா அவர் தலையை மடியில் வைத்துக்கொண்டு ஜெபமாலை சொல்லிக்கொண்டிருந்தார். மூச்சு இருக்கிறதா என்று கேட்க எனக்குத் தைரியம் வரவில்லை. ஜெபம் நிற்கவில்லை என்றால் மூச்சும் நிற்கவில்லை என்று நானாக நினைத்துக்கொண்டு ஓட்டினேன்.

"நல்லவேளை! இன்னும் கொஞ்சம் விட்டிருந்தா கஷ்டம். இனிமே மேடை கூடவே கூடாது" என்றார் டாக்டர்.

செவ்வாய்க்கிழமை பார்க்கப் போனேன். கண் விழித்திருந்தார். மெலிந்த குரலில் மனைவியிடம் கேட்டார்.

"ஏளா... நான் விழுந்த பெறவு, சனங்க ஒன்ஸ் மோர் கேட்டாவளா?"

ஆமாம் என்று சொன்னால் இந்த மனிதர் அடுத்த மாதமே மேடையில் நிற்பார். அதற்கப்புறம்?

அக்கா துண்டை மடித்துக்கொண்டே, நிமிராமல் சொன்னார்: "இல்ல. ஒருத்தரும் கேக்கல."

அண்ணாச்சி என் பக்கம் திரும்பினார். "தம்பி, நீங்க சொல்லுங்க."

ஒரு நடிகர் சம்பாதித்த கைதட்டலை அவரிடமிருந்தே பிடுங்குவதா? ஆனால் அக்காவின் கை துண்டைக் கசக்கிக்கொண்டிருந்தது.

"கேக்கல அண்ணாச்சி."

எங்கள் இருவரையும் மாறி மாறிப் பார்த்தார். அப்புறம் உதட்டோரம் ஒரு சிரிப்பு.

"ரெண்டு பேருக்கும் நடிக்க வரல."

அக்கா அழுதுவிட்டார். ஊசி குத்தியிருந்த கையால் அவர் கையைப் பிடித்துக்கொண்டார் அண்ணாச்சி.

"சரி ஏளா... கேக்கலைன்னே வச்சுக்கிடுவோம்."

அன்று கூட்டத்தில் இருந்த புன்னைக்காயல் வாசகர்களே... அண்ணாச்சியை எங்காவது பார்த்தால், நீங்களும் கேட்கவில்லை என்றே சொல்லுங்கள்!