அறுந்த தாலியும் நிற்காத பாட்டும்

என் ஆர்மோனியத்துக்கு எத்தனையோ பேர் பாடியிருக்கிறார்கள். பாதிப் பேர் சுருதிக்கே வர மாட்டார்கள். வேப்பந்தட்டை வெற்றிச்செல்வி அப்படியில்லை. எங்கள் நாடகத்தில் ராணி வேஷம் கட்டி அவள் வாய் திறந்தால் கூட்டமே அடங்கிவிடும். பட்டாளத்துக்காரன் மணிவண்ணனைக் கட்டினாள். "எம்வூட்டு மருமவ மேடையேறப்படாது" என்று மாமியார் ஆண்டாயி சொல்ல, நாடகம் நின்றது. அப்படிப்பட்ட குரல் வீட்டோடு அடங்கிப்போனதே என்று எனக்கு ஆதங்கம்.

தொண்ணூற்றொன்பதில் கார்கில் சண்டை. மணிவண்ணன் அங்கேதான் இருந்தான்; சேதியே இல்லை. அந்த நேரம் பார்த்துச் சிறுவாச்சூரில் ஒரு சினிமாக் கம்பெனி வந்து இறங்கியது. செத்துப்போன சிப்பாயின் பெண்டாட்டியாக ஒப்பாரி பாட ஆள் வேண்டுமாம். மாமியாருக்குத் தெரியாமல் வெற்றிச்செல்வி என்னிடம் வந்து நின்றாள்.

"நான் பாடுறேண்ணே."

"அடிப்பாவி! புருசன் சண்டையில நிக்கிறான். இந்த வேஷமா ஒனக்கு?"

"ரேடியோவயே கேட்டுக்கிட்டு ஒக்காந்திருந்தா பைத்தியம் புடிச்சிரும்ணே. பாடணும்."

தாலியறுக்கும் காட்சிக்கு எங்கள் நாடகத்தில் ஒரு வழக்கம் உண்டு. சொந்தத் தாலியை ரவிக்கைக்குள் செருகிவிட்டு, மேலே வேறொரு மஞ்சள் கயிற்றைப் போட்டுக்கொள்வார்கள். அறுபடுவது அந்தக் கயிறுதான். படப்பிடிப்பு அன்றும் அப்படித்தான் போட்டிருந்தாள்; பக்கத்தில் நான்தான் ஆர்மோனியம் வாசித்தேன். ஆனால் அறுக்க வந்த தனம் என்ற சினிமாக்காரிக்கு இரண்டு கயிறு இருப்பதே தெரியாது. பின்கழுத்தில் கையை விட்டு வெடுக்கென்று இழுத்தாள். கையோடு வந்தது மணிவண்ணன் கட்டிய தாலி.

ஐயோ என்று ஆர்மோனியத்திலிருந்து கையை எடுத்துவிட்டேன். வெற்றிச்செல்வி அதைப் பார்த்தாள். பார்த்துவிட்டும் பாடினாள். அப்படியொரு குரலை அவளிடம் நான் கேட்டதேயில்லை.

சிறுவாச்சூர் மதுரகாளி அம்மன் புண்ணியம், மணிவண்ணன் நல்லபடியாகத் திரும்பினான். கை தவறி அறுந்துபோச்சு என்று மட்டும் அவனிடம் சொன்னாள். கோயிலில் வைத்துப் புதுத் தாலி கட்டினான்.

படம் பெரம்பலூருக்கு வந்தபோது மூன்று பேருமாகப் போனோம். திரையில் தனத்தின் கையில் தொங்கியதை மணிவண்ணன் அடையாளம் கண்டுகொண்டான்.

"தெரிஞ்சுமா பாடுன?" என்றான்.

"தெரிஞ்சுதாங்க." திரையைப் பார்த்தபடியே சொன்னாள். "பாட்டு முடியுற வரைக்கும் ஒங்க நெனப்பே வரலைங்க."

பாவி மகள், ஒரு பொய் சொல்லக் கூடாதா!

இப்போது ஆண்டாயி எவ்வளவு திட்டினாலும் லீவில் வரும்போதெல்லாம் மணிவண்ணனே அவளை எங்கள் நாடகத்தில் பாடக் கூட்டிவருகிறான். முன்வரிசையில்தான் உட்காருவான். ஒப்பாரி தொடங்கினால் மட்டும் எழுந்து வெளியே போய்விடுவான். அவன் போவதை அவள் மேடையிலிருந்து பார்ப்பாள். பாட்டை நிறுத்த மாட்டாள்.