சீட்டு மேஜைக்கு எதிரே ஒரு பெண்

சென்ற சனிக்கிழமை காக்களூரில் வேலை முடிந்து வீட்டுக்கு வந்தேன். ஈமெயில் பார்க்கலாமே என்று மானிட்டரைப் போட்டால்... பையன் அதை மட்டும் அணைத்துவிட்டு வெளியே போயிருக்கிறான்.

திரையில் ஒரு சீட்டு மேஜை. எதிரே கார்ட்டூன் பெண். நாம் ஜெயித்தால் அவள் ஓர் உடையைக் கழற்றுவாள். தோற்றால் திரும்ப மாட்டிக்கொள்வாள். கோட்டும் ஒரு செருப்பும் ஏற்கெனவே தரையில் கிடந்தன.

நாற்காலியைத் தள்ளிக்கொண்டு எழுந்துவிட்டேன்.

பையனுக்கு இருபது வயது. இன்ஜினீயரிங் மூன்றாம் வருஷம். ‘பதினெட்டு நிரம்பியவரா?’ என்று அந்தத் தளம் கேட்டால் தாராளமாக ஆமாம் போடலாம். ஆனால் பெற்றவனுக்கு அந்தக் கணக்கு போதுமா?

சில வருஷம் முன்புவரை இந்த வம்பெல்லாம் திருவள்ளூர் பிரவுசிங் சென்டரின் பிளைவுட் தடுப்புக்குப் பின்னால் இருந்தது. டெலிபோன் லைனில் ஒரு படம் நெற்றியில் தொடங்கிக் கழுத்துக்கு இறங்குவதற்குள் நேரம் முடிந்துவிடும். பிறகு ஃபிளாஷ் வந்தது. படம் அசைந்தது, கண்ணடித்தது, சீட்டுப் போட்டது. அப்புறம் பிராட்பேண்ட் — அதை வீட்டுக்கு அழைத்து வந்தவனே நான்தான்.

கனெக்‌ஷனை வெட்டுவது, பையனோடு பேச்சை நிறுத்துவது — இரண்டையும் முடிவு செய்த நேரத்தில் மனைவி வந்தாள்.

“இன்னாங்க, பேயறைஞ்ச மாதிரி நிக்கிறீங்க?”

காட்டினேன். கண்ணாடியை மாட்டிக்கொண்டு பார்த்தாள்.

“சீட்டாட்டந்தானே? தள்ளுங்க.”

உட்கார்ந்து ஆடினாள். தோற்றாள். திரைப் பெண்ணின் காலில் செருப்பு ஏறியது. அடுத்த ஆட்டத்தில் கையிலிருந்த ராஜாவை வேண்டுமென்றே வீசினாள்.

அப்போது பையன் உள்ளே வந்தான். வாசலிலேயே நின்றுவிட்டான். முகத்தில் ரத்தமே இல்லை.

“வாடா,” என்றாள் அவள், திரும்பாமலே. “இந்தப் பொண்ணு கோட்டு மாட்டிக்கணும். எத்தப் போட்டா தோப்பேன்?”

“அம்மா... மூடிடும்மா.”

“நீ பாட்டுக்கு உட்டுட்டுப் போயிட்ட. அவ இப்படியே குந்திக்கினு இருக்கணுமா?”

காது சிவக்கப் பக்கத்தில் வந்தான். “ரெண்டு ஏஸையும் தூக்கிப் போடும்மா.”

கோட்டு ஏறியது. அவள் பக்கத்தை மூடிவிட்டு டீ போடப் போனாள்.

பையன் என் பக்கம் திரும்பினான். “திட்றதுன்னா திட்டிடுப்பா. பேசாம மட்டும் இருந்துடாத.”

திட்டத்தான் வாயைத் திறந்தேன். “உங்கம்மாவுக்கு ஒழுங்கா ஒரு ரம்மி தேடிக் குடுடா,” என்றுதான் வந்தது.

அந்த விளையாட்டைச் செய்தவர்கள் எந்த ஊரோ... தோற்பதற்கென்றே ஓர் அம்மா வந்து உட்காருவாள் என்று நினைத்திருப்பார்களா?