அப்பாவோடு பார்த்த மலையாளப் படம்

“ஏத்தா, மலையாளப் படமா? பொம்பளப்புள்ள பாக்குற படமா அது?”

சமயநல்லூரில் எங்கள் வீட்டு வாசலில் நின்று பெரியப்பா கேட்டார். முனைவர் பட்ட ஆய்வுக்கு மலையாள சினிமாவை எடுத்துக்கொள்ளப் போகிறேன் என்று அப்போதுதான் சொல்லியிருந்தேன். அப்பா தலையைக் குனிந்துகொண்டார். அவர்கள் வாலிப வயதில் மதுரையில் மலையாளப் படம் என்றால் துண்டால் முகத்தை மூடிக்கொண்டு போகிற காலைக்காட்சி.

“படிக்க வச்சது போதும்டா தம்பி” என்று அப்பாவிடம் சொல்லிவிட்டுப் போனார் பெரியப்பா.

மறுநாள் காலை மதுரையில் எனக்கு ஆய்வுச் சேர்க்கைக்கான நேர்காணல். எங்கள் குடும்பத்தில் பள்ளிக்கூட வாசலை மிதித்த முதல் ஆள் நான். அப்பா பேச்சை அதுவரை மீறியதில்லை.

சாயங்காலம் லேப்டாப்பைத் திறந்து ஒரு மலையாளப் படத்தைப் போட்டேன். “நீங்களே பாருங்கப்பா.”

அப்பா அசையவில்லை. “நான் பாக்குறேன். அம்புட்டு அசிங்கமா என்னத்த எடுத்துட்டாக?” என்று அம்மா வந்து உட்கார்ந்தாள். அப்பா கதவோரம் நின்றுகொண்டார். வசனத்தை நான் தமிழில் சொல்லிக்கொண்டே வந்தேன். படத்தில் ஒரு பெண் குளத்துப் படியில் இறங்கினாள்.

“நிறுத்து” என்றார் அப்பா.

அவள் துணியைத் துவைத்துப் பிழிந்து மேலேறி வந்தாள். அம்மா சிரித்துவிட்டாள்.

பிறகு ஒரு கூலிக்காரர் வந்தார். டீக்கடையில் பேப்பரை விரித்துவைத்துக்கொண்டு முதலாளியோடு சரிக்குச் சரியாக அரசியல் பேசினார். அதே முதலாளி வீட்டுக் கல்யாணத்தில், பந்தி முடியும்வரை கொல்லைப்புறத்தில் நின்றார். யாரும் அவரை நிற்கச் சொல்லவில்லை. கேமராவும் அவரை விட்டு நகரவில்லை. தன் பெருமையையும் பொய்யையும் ஓர் ஊர் தானே படமெடுத்துப் பார்க்கிறதே, அதைத்தான் எழுத நினைத்திருந்தேன்.

அப்பா தரையில் உட்கார்ந்துவிட்டார்.

“அங்கயும் இப்படித்தானா?”

“ஆமாப்பா.”

படம் முடிந்ததும் கேட்டார்: “அண்ணன்ட்ட என்ன சொல்ல?”

“அவரு பாத்த படம் வேற, இது வேறன்னு சொல்லுங்க.”

“அதெப்படிச் சொல்றது? கூட வந்தது யாருன்னு கேப்பாரே.”

அம்மா வெடுக்கென்று அப்பாவைத் திரும்பிப் பார்த்தாள். அப்பா எழுந்து வெளியே போய்விட்டார். போ என்றும் சொல்லவில்லை, போகாதே என்றும் சொல்லவில்லை.

காலையில் நான் அவரிடம் கேட்கவில்லை. “வாரேம்ப்பா” என்று மட்டும் சொல்லிவிட்டு மதுரை பஸ் ஏறினேன். நேர்காணலில் ‘என்ன தலைப்பு?’ என்று கேட்டார்கள். நிமிர்ந்து உட்கார்ந்து சொன்னேன்.