துணை நடிகையைப் பார்க்கப் போன சனிக்கிழமை

பதினொரு ஆண்டுகளாக ஒரு பிரிட்டிஷ் துணை நடிகையின் வாழ்க்கையைக் கால வரிசைப்படி தொகுத்துவருகிறேன். தாதி, பக்கத்து வீட்டுக்காரி, ரயிலில் எதிரே உட்காரும் பெண். படங்களில் அவருக்குக் கிடைத்தவை இவைதாம். மேடையிலும் பெரிய வேடங்கள் இல்லை. எந்த நாடகம், எந்த ஊர், எத்தனை வாரம் என்பதையெல்லாம் பழைய நிகழ்ச்சித் தாள்களைத் தேடிப் பிடித்துச் சரிபார்த்தேன். கடைசிப் படத்துக்குப் பிறகு மறுமணம் செய்துகொண்டு மொன்றியலுக்கு வந்தார் என்பதோடு என் பதிவு நின்றுவிட்டது. கணவரின் குடும்பப் பெயரை வைத்தே தேடிக்கொண்டிருந்தேன். மொன்றியல் இருக்கும் கியூபெக் மாகாணத்தில் திருமணமான பெண்களும் பிறந்தபோது வைத்த பெயரிலேயே இருப்பார்கள் என்பது, இங்கேயே வசிக்கும் எனக்கு உறைக்கவில்லை.

மொன்றியலின் பார்க் எக்ஸ்டென்ஷன் பகுதியில் எங்கள் கட்டடத்தின் மேல்மாடியில் இருக்கும் யாழ்ப்பாணத்து அக்கா, ரொக்ஸ்பரோவில் ஒரு முதியோர் இல்லத்தில் வேலை பார்க்கிறார். ஒரு நாள் துணி துவைக்கும் அறையில், தான் கவனித்துக்கொள்ளும் வெள்ளைக்கார அம்மா லண்டனில் நாடகம் நடித்தவர் என்றும், கேட்டால் நாற்காலியில் இருந்தபடியே செத்துக் காட்டுவார் என்றும் சொல்லிச் சிரித்தார். போனில் ஒரு கிறிஸ்துமஸ் படத்தைக் காட்டினார். இடது புருவத்தின் தழும்பைப் பார்த்ததும் யாரென்று தெரிந்துவிட்டது.

சந்தோஷம் வரவில்லை. வயிறு எரிந்தது. அந்த மரணக் காட்சி எந்த நாடகத்தில் என்று கேட்டேன். அக்காவுக்குத் தெரியவில்லை. தெரிந்துகொள்ள வேண்டும் என்று அவருக்குத் தோன்றியதும் இல்லை. அந்த நடிகையின் ஒரு படத்தைக்கூடப் பார்க்காத அக்காவுக்கு நான்கு ஆண்டுகளாகத் தினமும் அந்தக் குரல் கிடைத்திருக்கிறது.

எனக்கு ஒரு மணி நேரம் போதும், அவர் எதிரே உட்கார வேண்டும். அவருடைய படங்களைப் பார்த்த ஒருவர் வரலாமா என்று அக்கா அவரிடம் கேட்டுப் பார்த்தார். கூடாது என்றாராம். அப்படி வருகிறவர்கள் வேறொருத்தியைத் தேடி வந்து ஏமாந்து போகிறார்களாம்.

"ஒண்டும் தெரியாத ஆள் மாதிரி வாங்கோ தம்பி" என்றார் அக்கா. "என்ரை பக்கத்து வீட்டு ஆள் எண்டு சொல்லுறன்."

அந்தச் சனிக்கிழமை போனேன். நடிகை ஜன்னலோரம் உட்கார்ந்திருந்தார், உதட்டுச் சாயம் பூசியிருந்தார். தான் கதாநாயகியாக நடித்த ஒரு நாடகத்தைப் பற்றிப் பேசினார். முதல் நாள் கைதட்டல் அடங்கவில்லை, பூங்கொத்துகளை வைக்க அறையில் இடமில்லை. அந்த நாடகத்தின் நிகழ்ச்சித் தாள் என்னிடம் இருக்கிறது. அதில் அவர் பெயர் எட்டாவது, வேடம் வேலைக்காரி. மூன்றாவது வாரத்துத் தாளில் அந்தப் பெயரும் இல்லை, காரணம் எனக்குத் தெரியாது. திருத்தத் துடித்த நாக்கை அடக்கிக்கொண்டு "அப்படியா?" என்றேன். அக்கா அவர் கையை மடியில் வைத்து நகம் வெட்டிக்கொண்டிருந்தார். ஒரு கை முடிந்ததும், சொல்லாமலே அவர் மற்றக் கையை நீட்டினார். அதைப் பார்க்காதது போல் இருப்பதுதான் கஷ்டமாக இருந்தது.

திரும்பும் பஸ்ஸில் அக்கா பெருமையாக இருந்தார். என்னால் பொறுக்க முடியவில்லை.

"அக்கா, அவங்க அந்த நாடகத்துல கதாநாயகி இல்ல. தட்டுல கடிதம் கொண்டுவர்ற வேலைக்காரி."

அவர் முகம் வாட வேண்டும் என்றுதான் சொன்னேன். அது வாடவில்லை.

"ஓம், தெரியும். ஒருநாள் அந்தத் தட்டு கைதவறி விழ, கதாநாயகி பேச வேண்டியதை மறந்து நிண்டிட்டாவாம். அதோடை இவவை நிப்பாட்டிப்போட்டினம். எனக்கு எப்பவோ சொன்னவ."

மூன்றாவது வாரம். இந்தக் காரணத்தைக் கேட்டு லண்டனுக்கு எத்தனை கடிதம் எழுதியிருப்பேன்.

"அப்புறம் ஏன் எங்கிட்ட அப்படிச் சொன்னாங்க?"

"நீங்கள் விருந்தாளியெல்லோ தம்பி." ஜன்னலுக்கு வெளியே பார்த்தபடி சொன்னார். "வாற சனிக்கிழமையும் கூட்டிக்கொண்டு வரட்டாம். நல்லா நம்புறீங்களாம்."

போனேன். நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டு, அந்தக் கதாநாயகி முதல் காட்சியில் என்ன உடை உடுத்தியிருந்தாள் என்று நானே கேட்டேன். அவர் நிமிர்ந்து உட்கார்ந்து, பச்சைப் பட்டு என்று ஆரம்பித்தார். அக்கா எங்களுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு படுக்கை விரிப்பை மாற்றினார். சிரிப்பை அடக்குகிறார் என்பது அவர் தோளில் தெரிந்தது.