பிரான்சுச் சுவாமி பிடித்த படம்

எங்கள் ஊரில் பிரான்சுக்காரர் என்றால் அது சுவாமிமார்தான். மாதா கோயிலைக் கட்டியவர், நல்ல தண்ணீர்க் கிணறு வெட்டியவர், பேய் பிடித்தவர்களுக்குப் பிரம்படி கொடுத்தவர் எல்லாருமே அந்தக் காலத்துத் தாடிவைத்த பிரான்சுச் சுவாமிமார் என்று கேட்டு வளர்ந்தவர்கள் நாங்கள். ஆகவே சண்டைக்காலத்தில் ஒருநாள் காலையில், முருங்கன் பக்கமிருந்து வந்த வான் வண்டியிலிருந்து நெஞ்சுவரை தாடி தொங்க ஒரு வெள்ளைக்காரர் இறங்கியபோது, மீன் காயப்போட்டுக்கொண்டிருந்த பெண்கள் கையைக் கழுவிவிட்டு ஓடிப்போய் முழந்தாளிட்டதில் ஒரு பிழையும் இல்லை.

"தோத்திரம் சுவாமி" என்று மாமி முதலில் தலையை நீட்டினாள். அவர் தனக்குப் பின்னால் யாரும் நிற்கிறார்களோ என்று திரும்பிப் பார்த்தார். ஒருவரும் இல்லை. நீட்டிய தலைகளை ஏமாற்ற மனம் வராமல், பெருவிரலால் எல்லார் நெற்றியிலும் சிலுவை போட்டார். நானும் ஒன்று வாங்கிக்கொண்டேன். அதற்குள் பங்குச் சுவாமி சைக்கிளில் வந்து சேர்ந்து, இவர் சுவாமியில்லை, பிரான்ஸ் நாட்டு டிவிக்குப் படம் பிடிக்கிறவர் என்று விளங்கப்படுத்தினார்.

"அப்ப இந்தச் சிலுவை?" என்று மாமி நெற்றியைத் தொட்டுக் கேட்டாள்.

"போட்டது போட்டதுதான். கழுவ வேண்டாம்" என்றார் பங்குச் சுவாமி, சிரிப்பை அடக்கிக்கொண்டு.

மாமி என்று நான் சொல்வது சித்தப்பாவின் அக்காவை. தாயில்லாத தம்பியைத் தூக்கி வளர்த்தவள். சித்தப்பா என் சின்னம்மாவைக் கலியாணம் முடித்து ஒரு வருசம்கூட ஆகவில்லை, ஊரில் இளைஞர்கள் இருக்க முடியாத நிலை வந்தது. ஒருபக்கம் ஆமி பிடித்துக்கொண்டு போனது, மறுபக்கம் இயக்கத்துப் பெடியள் பிடித்துக்கொண்டு போனார்கள். படகில் இராமேஸ்வரம் போய், அங்கிருந்து யார் யாரையோ பிடித்து, கடைசியில் சித்தப்பா பிரான்சில் போய் நின்றார். என்னைத் தோளில் ஏற்றிக் கடலுக்குள் கழுத்தளவு தண்ணீர்வரை போகிறவர் அவர். அவர் போனபிறகு எனக்குக் கடல் கரையோடு முடிந்துவிட்டது.

வெள்ளைக்காரர் வருவதற்கு ஒரு மாதம் முன்பு, உப்புக்குளத்து மனுசி ஒருத்தி கொழும்புக்குப் போய், சித்தப்பாவோடு ஒரே அறையில் இருக்கிற தன் மகனோடு டெலிபோனில் கதைத்துவிட்டு வந்தாள். அவள் கொண்டுவந்த செய்தி எங்கள் வீட்டைக் கலக்கிவிட்டது. எங்கள் ஊரில் ஷெல் விழுந்ததும், கோயில் சுவர் இடிந்ததும், ஆட்கள் செத்ததும் பிரான்ஸ்வரை போயிருக்கிறது. சின்னம்மாவும் செத்துவிட்டாள் என்று சித்தப்பா நம்புகிறார். சாப்பாடு இல்லை, வேலைக்குப் போவதில்லை. ஊருக்குத் திரும்பிவர ஆயத்தம் செய்கிறார்.

"உயிரோடை சுகமா இருக்கிறா எண்டு நானும் சத்தியம் பண்ணிச் சொன்னனான். நம்பினாத்தானே!" என்றாள் அந்த மனுசி.

அவர் நம்பாததற்குக் காரணம் நாங்கள்தான். வெளிநாட்டில் இருக்கிறவனுக்குச் செத்தவீட்டுச் செய்தி சொல்வதில்லை என்பது எங்கள் பக்கத்து வழக்கம். தனியாகக் கிடக்கிற பிள்ளை, கேட்டால் உடைந்துபோவான் என்ற பரிவு. சித்தப்பாவின் தகப்பன் செத்தபோதும் அப்படித்தான், முப்பத்தோராம் நாள் பூசை முடிந்த பிறகும்கூட "ஐயா சுகமாய் இருக்கிறார், இருமல் மட்டும் கொஞ்சம்" என்றே சொல்லிக்கொண்டிருந்தோம். பிறகு உண்மை தெரிந்து, சூடுகண்ட பூனை ஆகிவிட்டார் அவர். இப்போது 'சுகம்' என்று நாங்கள் சொல்லச் சொல்ல, அவருக்குச் சின்னம்மாவின் சாவு உறுதியாகிக்கொண்டிருந்தது. பழைய படம் ஒன்றை அனுப்பிக்கூட ஏமாற்றுவார்கள் என்று சொன்னாராம்.

வந்தால் என்ன நடக்கும் என்று வீட்டில் யாரும் உரத்துச் சொல்லவில்லை. பக்கத்து வளவுப் பெடியன் ஒருவன் கொழும்பிலிருந்து திரும்பிவந்து, ஆமிச் சென்றியில் பஸ்ஸிலிருந்து இறக்கப்பட்டவன், இறக்கப்பட்டவன்தான்; பிறகு ஆளைக் காணவில்லை. மாமி மட்டும் "வரட்டும். என்ரை தம்பியை என்ரை கண்ணாலை பாத்தாப் போதும். மாதா காப்பாத்துவா" என்று சொல்லிக்கொண்டிருந்தாள். சின்னம்மா எழும்பிக் கிணற்றடிக்குப் போய்விடுவாள். நான் மாமியின் கட்சி.

இந்த நேரத்தில்தான் பிரான்ஸ் டிவிக்காரர் வந்து இறங்கியிருக்கிறார். வெறும்வாயை மெல்லுகிற ஊருக்கு அவல் கிடைத்துவிட்டது. பிரான்சில் மகன் இருக்கிறவர்கள், மருமகன் இருக்கிறவர்கள், ஒருவரும் இல்லாதவர்கள் என்று எல்லாரும் வீட்டுக்கு ஓடி, பெருநாளுக்கு உடுக்கிற உடுப்பைப் போட்டுக்கொண்டு பவுடரும் பூவுமாய் வந்து நின்றார்கள். போரில் நொந்த ஊரைப் படம்பிடிக்க வந்த மனிதர், பெட்டியைத் திறந்துவிட்டு நிமிர்ந்து பார்த்தபோது எதிரில் ஒரு கலியாணவீடு நின்றது. தாடியைச் சொறிந்துகொண்டு பங்குச் சுவாமியிடம் ஏதோ கேட்டார்.

"உங்களை வழமையாய் இருக்கிறமாதிரி இருக்கட்டாம்" என்றார் சுவாமி.

"எங்கடை பிள்ளையள் பாக்கிற படம் சுவாமி. அழுக்குச் சட்டையோடை நிண்டால் அதுகள் அங்கை ஏங்கிப் போகுமே" என்றார் அப்பா. வெள்ளைக்காரருக்கு அது மொழிபெயர்க்கப்பட்டது. அவர் பவுடரும் பூவுமாய் நின்ற முகங்களை ஒவ்வொன்றாகப் பார்த்துவிட்டுத் தலையாட்டினார்.

சின்னம்மா கூறைச்சேலை உடுத்து வந்தாள். மாமிதான் தலைவாரிப் பூவைத்து, தன் சங்கிலியையும் கழற்றிப் போட்டுவிட்டிருந்தாள். "வாங்கோ, நான் காத்துக்கொண்டிருக்கிறன் எண்டு சொல்லு. அழுது சொல்லு, அப்பதான் அவனுக்கு உறைக்கும்" என்று வழிநெடுகப் பாடம் சொல்லிக்கொடுத்தாள். சின்னம்மா நேரே பங்குச் சுவாமியிடம் போய், "அந்த இடிஞ்ச சுவருக்கு முன்னாலை என்னை நிப்பாட்டிப் படம் பிடிக்கச் சொல்லுங்கோ. சுவர் விழுந்த பிறகும் நான் இருக்கிறன் எண்டு அவருக்குத் தெரியவேணும்" என்றாள்.

வெள்ளைக்காரர் வந்ததே அந்தச் சுவருக்காகத்தான். ஆனால் உடனே படம்பிடிக்க மறுத்துவிட்டார். உச்சிவெயிலில் முகத்தில் கண் தெரியாது, குழிதான் தெரியும், பொழுது சாயட்டும் என்று சொல்லிவிட்டுப் பூவரச மரத்தடியில் கால்நீட்டி உட்கார்ந்தார். வான் சாரதிக்குக் கோபம் வந்தது. "சென்றியைப் பூட்டினாங்களெண்டால் இண்டைக்கு எல்லாருக்கும் ரோட்டிலைதான் படுக்கை" என்று முணுமுணுத்தபடி வானைச் சுற்றிச் சுற்றி நடந்தான்.

காத்திருந்த நேரத்தில் ஊர் அவருடைய வரலாற்றை விசாரித்தது. பங்குச் சுவாமி உரோமையில் படித்தபோது கொஞ்சம் பிரெஞ்சு பழகியவர். தெரிந்ததை மொழிபெயர்த்தார். முதலில் சினிமாக் கொட்டகையில் வயர் சுற்றுகிற வேலையாம். பிறகு பெரிய படப்பிடிப்பாளர் ஒருவருக்குக் கமராப் பெட்டி சுமந்தாராம். பிறகு தானே கமரா பிடித்து இருபது வருசமாக எடுத்ததெல்லாம் காதல் படங்களாம். இதைச் சொன்னதும் பெண்கள் சேலைத்தலைப்பை இழுத்துவிட்டுக்கொண்டார்கள்.

"கொஞ்சுற காட்சியும் பிடிச்சவரோ எண்டு கேளுங்கோ சுவாமி" என்றார் அப்பா.

பங்குச் சுவாமிக்கு இருமல் வந்துவிட்டது. கேட்காமலே விளங்கிக்கொண்ட வெள்ளைக்காரர் இரண்டு கையையும் விரித்து, எக்கச்சக்கம் என்று காட்டினார். மாமி அப்போதுதான் சேலைத்தலைப்பால் நெற்றியை அழுத்தித் துடைத்தாள்.

வளர்ந்தபிறகு அவர் பெயரை இணையத்தில் தேடிப் பார்த்திருக்கிறேன். காதல் படங்களுக்குப் பிறகு தொலைக்காட்சியில் பொலிஸ் கதைகள், அதற்குப் பிறகு சமையல் நிகழ்ச்சி, கடைசியில் எங்களைப்போல அடிபட்ட நாடுகள். ஏறி ஏறிப்போய்ப் பிறகு இறங்கிய தொழில் என்று படிக்கிறவர்கள் நினைப்பார்கள். எங்கள் ஊர்ப் படம் அதில் ஒரேயொரு வரி. எனக்கு அந்த மனிதர்மேல் இன்றைக்கும் பட்சம்தான். வேறு யாராவது வந்திருந்தால் இடிந்த சுவரைப் பிடித்துக்கொண்டு போயிருப்பார்கள். இவருக்கு முகத்தைப் பார்க்கத் தெரிந்திருந்தது.

வெயில் மஞ்சளானதும் அவர் துள்ளியெழுந்தார். ஒரு வெள்ளை விரிப்பு வேண்டும் என்றார். மாமியின் வீட்டிலிருந்து வந்தது. அதை அப்பாவும் இன்னொருவரும் இருபக்கமும் பிடித்து, வெயிலைச் சின்னம்மாவின் முகத்துக்குத் திருப்பவேண்டும். கடற்காற்று விரிப்பை உப்பவைத்தது. படகில் பாய்விரித்துத் தொழில்செய்த கைகள் ஆகையால், காற்றுக்கு எப்படி இளக்கிக் கொடுப்பது, எப்படி இறுக்குவது என்று அவர்களுக்கு ஒருவரும் சொல்லிக்கொடுக்க வேண்டியிருக்கவில்லை. சின்னம்மாவின் முகத்தில் வெளிச்சம் வந்து நின்றது. அவள் அவ்வளவு வடிவு என்று எனக்கு அன்றைக்குத்தான் தெரிந்தது. சாரதி ஹோர்ன் அடித்தான். வெள்ளைக்காரர் திரும்பவில்லை. கமராவில் கண்ணை வைத்துக் கையை உயர்த்திக் காட்டினார்.

சின்னம்மா கமராவைப் பார்த்தாள். உதடு நடுங்கியது. அழப்போகிறாள், மாமி சொன்னபடியே எல்லாம் நடக்கிறது என்று நினைத்தேன். ஆனால் அவள் சிரித்தாள்.

"இஞ்சை பாருங்கோ, நான் செத்துப் போகேல்லை. வடிவாப் பாருங்கோ, நான்தான். எனக்கு ஒரு குறையும் இல்லை." பிறகு ஒவ்வொரு சொல்லாக, காது கேளாதவருக்குச் சொல்வதுபோலச் சொன்னாள். "நீங்கள் இஞ்சை வராதேங்கோ. என்ன நடந்தாலும் வராதேங்கோ. அங்கையே இருங்கோ."

"என்னடி சொல்லுறாய்? வரச்சொல்லடி!" என்று மாமி கத்தினாள். அம்மா அவளை இழுத்துப் பிடித்துக்கொண்டாள். வெள்ளைக்காரருக்கு ஒரு சொல்லும் விளங்கியிராது. ஆனாலும் அவர் கமராவை அசைக்கவில்லை. சின்னம்மா சொல்லிமுடித்த பிறகும், அந்தச் சிரிப்பு முகத்தில் இருந்த நேரமெல்லாம், அது மெல்ல மெல்லப் போன நேரமெல்லாம் பிடித்துக்கொண்டே நின்றார். வெளிச்சம் போனபிறகுதான் கமராவிலிருந்து கண்ணை எடுத்தார். சட்டைக் கையால் கண்ணைத் துடைத்துக்கொண்டு வானில் ஏறினார்.

அன்றைக்கே மாமி சங்கிலியைக் கழற்றி வாங்கிக்கொண்டு போனாள். "என்ரை தம்பியை என்னட்டை வரவிடாமப் பண்ணிப்போட்டாள். நெஞ்சிலை ஈரமில்லாதவள்" என்று வேலிக்கு அந்தப் பக்கம் நின்று கேட்கும்படி சொல்லிக்கொண்டிருந்தாள். எனக்கும் சின்னம்மாமீது கோபம். இவ்வளவு உடுத்து, இவ்வளவு நேரம் வெயிலில் நின்று, கடைசியில் 'வராதேங்கோ' என்றா சொல்வார்கள்? சண்டைபோட்டுக்கொண்டு பிரிந்தவர்களாக்கும் என்று நானாக முடிவுசெய்தேன்.

மாரிமழை தொடங்கியபோது உப்புக்குளத்து மனுசி குடைபிடித்துக்கொண்டு வந்தாள். திரும்பவும் கொழும்புக்குப் போய் வந்திருக்கிறாள். செய்தி கேட்க மாமியும் வேலியைத் தாண்டி வந்து, சின்னம்மாவைப் பார்க்காமல் நின்றாள்.

"அறைக்குள்ளை இருக்கிற பெடியள் எல்லாரும் சேர்ந்து டிவியிலை பாத்தவையாம். அவவின்ரை குரலைப் போடேல்லையாம். மேலாலை ஆரோ பிரெஞ்சிலை சண்டையைப் பற்றிக் கதைக்கிறானாம். ஆனால் முகத்தைக் கனநேரம் காட்டினவையாம். வாயைப் பாத்தே என்ன சொல்லுறா எண்டு அவருக்கு விளங்கிட்டுதாம்." மனுசி மூச்சுவாங்கினாள். "பயணத்தை விட்டிட்டாராம். இனி வரேல்லையாம். வேலைக்குப் போகத் தொடங்கிட்டாராம்."

மாமி தலையிலடித்துக்கொண்டு போய்விட்டாள். சின்னம்மா "மாதாவே, என்ரை தாயே" என்று கைகூப்பினாள். வந்த மனுசிக்குத் தேத்தண்ணி ஊற்றிக் கொடுத்து, வழியனுப்பி, படலையையும் சாத்திவிட்டு வந்தாள். வந்தவள் அப்படியே குசினிக்குள் அடுப்படியில் குந்தி, வாயில் சேலையை வைத்து அழுத்திக்கொண்டு அழத்தொடங்கினாள். அம்மா பக்கத்தில் போய் இருந்து முதுகைத் தடவினாள். மழைச்சத்தத்தை மீறிக்கொண்டு அழுகை வந்தது. அப்படி ஓர் அழுகையைச் செத்தவீட்டிலும் நான் கேட்டதில்லை.

நான் கிட்டப்போய் நின்று கேட்டேன். "சின்னம்மா, நீங்கள்தானே அவரை வரவேண்டாம் எண்டனீங்கள்?"

"ஓம் பிள்ளை, நான்தான் சொன்னனான்" என்று என்னை இழுத்து மடியில் போட்டுக்கொண்டு, முன்னிலும் மோசமாக அழுதாள்.

சொன்ன சொல்லை அப்படியே கேட்டு நடந்த புருசனை நினைத்து ஒருத்தி ஏன் இப்படி அழவேண்டும் என்று எனக்கு விளங்கவில்லை. மடியில் கிடந்தபடி, பெரியவர்களுக்கு என்ன கொடுத்தாலும் திருப்தியில்லை என்று நினைத்துக்கொண்டேன்.