அசையச் சொன்னவர்

அறுபதுகளின் தொடக்கத்தில், வேலைக்கு மனுப்போட ஒரு போட்டோ எடுக்கத் தென்னூர் ஸ்டூடியோ ஒன்றுக்குப் போனேன். ஜன்னலே இல்லாத அறை. போட்டோக்காரர் என் முகத்தைப் பார்க்காமல், விளக்கடியில் தன் உள்ளங்கையைத் திருப்பித் திருப்பி வெளிச்சம் பார்த்தார். எனக்கு எரிச்சலாக வந்தது.

“சினிமாப் பழக்கங்க,” என்றார், கேமராவின் கறுப்புத் துணிக்குள் தலையை நுழைத்தபடி. “நண்பர்களா சேர்ந்து சொந்தமா ஒரு படம் எடுத்தோம். முக்கொம்பு ஆத்தங்கரையில கேமராவ வச்சா, ஜனங்க போட்டோவுக்கு நிக்கிற மாதிரி வெறைச்சு நிப்பாங்க. நடங்க நடங்கன்னு கெஞ்சுவேன். படம் வெளிய வரல. இப்ப நாள் பூரா அசையாதீங்கன்னு சொல்லிக்கிட்டிருக்கேன். அசையாதீங்க.”

போட்டோ எடுத்து முடித்த பிறகும் மறுபடி துணிக்குள் போனார். “தப்பா நினைக்கலேன்னா, வாசல் வரைக்கும் மெதுவா நடங்க.”

நடந்தேன். கேமரா என்னோடு திரும்பியது. செருப்பை மாட்டிக்கொண்டு திரும்பிப் பார்த்தேன். அவர் இன்னும் துணிக்குள்தான் இருந்தார்.